காட்டாமல் காட்டியவர்: ழான்-லூயி த்ரந்தினியானின் திரைவாழ்வு

ழான்-லூயி த்ரந்தினியான் 1930 டிசம்பர் 11 அன்று தென்பிரான்சின் வோக்லூஸ் மாவட்டத்தில் பியோலங்க் என்ற சிற்றூரில் பிறந்தார். 1950களின் நடுவில் திரைக்கு வந்து 2019 வரை நூற்றுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தார். காதலன், விசாரணை நீதிபதி, கூலிக் கொலையாளி, பாசிசக் கட்சியின் ஒற்றன், பக்தியுள்ள பொறியாளர், வாய்பேச முடியாத துப்பாக்கி வீரன், ஒட்டுக்கேட்கும் கிழவர் என்று அவர் ஏற்ற பாத்திரங்களின் பட்டியல் நீளமானது. ஆனால் அந்தப் பன்முகம் வேடம் கட்டியதால் வந்ததல்ல. ஒட்டுமீசை, பொய்த்தொப்பை, மாற்றிய நடை, கொச்சையாக்கிய பேச்சு என்று நடிகர்கள் வழக்கமாகத் தேடும் துணைகள் எதையும் அவர் பெரிதாக நாடியதில்லை. எல்லாப் படங்களிலும் அதே மெலிந்த உடல், அதே சற்றே கோணிய புன்னகை, அதே தணிந்த குரல். இருந்தும் ஒரு படத்தின் ஆள் இன்னொரு படத்தில் வருவதில்லை. முகத்தில் எதைக் காட்டுவது என்பதைவிட எதைக் காட்டாமல் வைத்துக்கொள்வது என்பதில் அவருடைய கலை இருந்தது. பிரெஞ்சு சினிமாவில் இந்த வழியில் இவ்வளவு தூரம் போனவர் வேறொருவர் இருப்பதாகச் சொல்வது கடினம்.

தந்தை ராவூல் தொழிலதிபர்; பக்கத்து ஊரான போன்-சேந்த்-எஸ்ப்ரியின் மேயராகவும் இருந்தவர். குடும்பத்தில் பேசப்பட்ட பெயர்கள் நடிகர்களுடையவை அல்ல, கார் பந்தய வீரர்களுடையவை. தந்தையின் சகோதரர்கள் லூயி, மோரிஸ் இருவரும் பந்தய ஓட்டிகள். லூயி 1933இல் பயிற்சி ஓட்டத்தில் இறந்தார். மோரிஸ் 1954இல் லெ மான் 24 மணி நேரப் பந்தயத்தையும், 1955, 1958 ஆகிய இரண்டு ஆண்டுகளில் மொனாக்கோ கிராண்ட் ப்ரீயையும் வென்றார். ஸ்டீயரிங் மீதான இந்தப் பரம்பரை மோகம் ழான்-லூயியையும் கடைசிவரை விடவில்லை. ராலிப் பந்தயங்களில் ஓட்டினார். 1980இல் லெ மானில் போர்ஷே காரோடு களமிறங்கினார். மூன்றாவது மனைவியாக அமைந்தவரும் ஒரு ராலி ஓட்டிதான். 

சிறுவயது அமைதியாகக் கழியவில்லை. தாய்க்குப் பெண் குழந்தை மேல் ஆசை; அதனால் மகனுக்குச் சில ஆண்டுகள் பெண் உடை உடுத்தி வளர்த்தார். ஜெர்மானிய ஆக்கிரமிப்பின்போது தந்தை எதிர்ப்பியக்கத்தின் பக்கம் நின்றார். தாய்க்கோ ஒரு ஜெர்மானியப் படைவீரனோடு உறவு ஏற்பட்டது. விடுதலைக்குப் பின் அதற்குத் தண்டனையாக அவர் தலையை மழித்தார்கள். வீடு திரும்பிய தந்தை, இதை நீ ஏன் தடுக்கவில்லை என்று பதின்மூன்று, பதினான்கு வயது மகனைக் குற்றம்சாட்டினார். இதையெல்லாம் முதுமையில் த்ரந்தினியானே பேட்டிகளில் சொன்னார், அதுவும் யாரையும் பழிக்காத தொனியில். தன் வீட்டிலேயே போரின் இரு கரைகளையும் பார்த்த ஒருவர் பின்னாளில் திரையில் நல்லவனையும் துரோகியையும் ஒரே நிதானத்தோடு நடித்ததில் வியப்பில்லை.

சட்டம் படிக்க எக்ஸ்-ஆன்-ப்ரோவான்சுக்கு அனுப்பப்பட்டார். அங்கே ஒரு நாள் மோலியேரின் 'கருமி' நாடகத்தில் ஷார்ல் துல்லேன் நடித்ததைப் பார்த்ததும் சட்டம் முடிந்துபோனது. பாரிசுக்குப் போய் நடிப்புப் பள்ளியில் சேர்ந்தார். தானியா பலஷோவாவிடம் பயின்றார். இயக்குநராகும் எண்ணத்தில் திரைப்படக் கல்லூரியிலும் கால் வைத்தார். தென்பகுதி உச்சரிப்பு நாக்கில் ஒட்டியிருந்தது, கூச்சமோ அளவு கடந்தது. நடிப்பைக் கற்கப் போனதே அந்தக் கூச்சத்தை வெல்லத்தான் என்று சொல்லலாம். ஆனால் கூச்சம் போகவில்லை. அதை மறைக்கக் கற்றுக்கொண்டார். மறைப்பதே பின்னர் அவருடைய பாணியாயிற்று.

1951 முதல் மேடை. 1956இல் ரோஜே வதீம் இயக்கிய 'கடவுள் பெண்ணைப் படைத்தார்' படம் அவரை ஒரே மூச்சில் ஊரறிந்தவராக்கியது. சேன்-த்ரோபேயைக் களமாகக் கொண்ட அந்தப் படத்தில் பிரிஜித் பார்தோவின் கணவனாக, கூச்சமுள்ள இளைஞனாக வந்தார். படம் பார்தோவின் படம். உலகமும் அவரைத்தான் பார்த்தது. வதீமின் மனைவியான பார்தோவுக்கும் த்ரந்தினியானுக்கும் படப்பிடிப்பின்போது ஏற்பட்ட காதல் பத்திரிகைகளுக்குப் பெருந்தீனியானது. அப்போது அவருக்கும் மனைவி இருந்தார்: பின்னாளில் கிளோத் ஷப்ரோல் படங்களின் நாயகியாகப் புகழ்பெற்ற ஸ்தெஃபான் ஓத்ரான். இந்த அமளியின் நடுவே கட்டாய ராணுவப் பணிக்கு அழைப்பு வந்தது. அல்ஜீரியப் போர்க் காலம் அது. பணி முடிந்து திரும்பியபோது புகழும் காதலும் இரண்டுமே கைவிட்டுப் போயிருந்தன. இன்னொருவராக இருந்திருந்தால் கதை இத்தோடு முடிந்திருக்கும். த்ரந்தினியான் பாரிஸ் மேடையில் ஹாம்லெட்டாக நின்று மறுபடி தொடங்கினார். 1960இல் நதீன் மார்க்கானை மணந்தார். அவர் பின்னர் இயக்குநரானார். 1962இல் மகள் மரி பிறந்தாள்.

திரையில் அவருக்கு இரண்டாவது பிறப்பைக் கொடுத்தது இத்தாலி. வலேரியோ ட்சுர்லீனியின் 'வன்கோடை' (1959) 1943ஆம் ஆண்டு ஒரு கடற்கரை ஊரில் நடக்கும் காதல் கதை. அடுத்து தீனோ ரீஸியின் 'இல் சொர்பாஸ்ஸோ' (1962). முந்திச் செல்வது என்பது அந்தத் தலைப்பின் பொருள். ஆகஸ்ட் விடுமுறையில் வெறிச்சோடிய ரோமில் ஒரு சட்ட மாணவன் படித்துக்கொண்டிருக்கிறான். தொலைபேசி கேட்டு வந்த வாய்ச்சவடால்காரன் ஒருவன் அவனைத் தன் திறந்த காரில் ஏற்றிக்கொண்டு போகிறான். வித்தோரியோ காஸ்மான் கத்துகிறார், பாடுகிறார், ஹாரன் அடிக்கிறார். படம் முழுவதையும் விழுங்கப் பார்க்கிறார். பக்கத்து இருக்கையில் இருக்கும் த்ரந்தினியான் செய்வது கேட்பது மட்டுமே. ஆனால் அந்த மாணவன் மெல்ல மெல்லச் சொக்கிப்போவதை அவர் முகத்தில் பார்க்காவிட்டால் காஸ்மானின் கூத்துக்குப் பொருளே இல்லை. கேட்பதும் நடிப்பே என்பதற்கு இந்தப் படத்தைவிட நல்ல பாடம் அரிது. அதே ஆண்டு அலேன் கவாலியேவின் முதல் முழுநீளப் படமான 'தீவில் போராட்டம்' வந்தது. ரோமி ஷ்னைடரின் கணவனாக, வலதுசாரித் தீவிரவாதக் குழுவில் சேர்ந்தவனாக, அங்கே இறுகிப்போன ஆளாக நின்றார். ஓர் ஆண்டுக்குள் அசட்டுப் பிள்ளையும் ஆபத்தானவனும்.

இத்தாலியப் படங்களில் அவர் குரல் கேட்காது. அக்கால வழக்கப்படி வேறொருவர் டப்பிங் பேசியிருப்பார். அவருடைய குரலை அறிந்தவர்களுக்கு இது பெரிய இழப்பு. த்ரந்தினியானின் குரல் அடிக்குரலில் தொடங்கி, வாக்கியத்தின் நடுவில் லேசாகத் தேய்ந்து, முடிவில் ஒரு சிரிப்பின் விளிம்பில் நின்றுவிடும். அது கனிவா, ஏளனமா என்று சொல்ல முடியாது. ஸ்டான்லி குப்ரிக்கின் 'தி ஷைனிங்' பிரெஞ்சில் வந்தபோது ஜாக் நிக்கல்சனுக்குக் குரல் கொடுத்தவர் அவரே. 'தொலைந்த குழந்தைகளின் நகரம்' (1995) படத்தில் கண்ணாடித் தொட்டியில் மிதக்கும் ஒரு மூளைக்கு அவர் குரல், உடல் கிடையாது. குரல் இல்லாத உடலாகவும், உடல் இல்லாத குரலாகவும் நடித்துத் தேறியவர் என்று அவரைச் சொல்லலாம்.

க்ளோத் லெலூஷின் 'ஓர் ஆணும் ஒரு பெண்ணும்' (1966) அவரை உலக நட்சத்திரமாக்கியது. மனைவியை இழந்த பந்தய ஓட்டி, கணவனை இழந்த பெண் இருவரும் தொவீல் கடற்கரை ஊரில், பிள்ளைகளின் விடுதிப் பள்ளியில் சந்திக்கிறார்கள். கதை இவ்வளவுதான். பணமில்லாததால் பாதி கருப்பு வெள்ளையிலும் பாதி வண்ணத்திலும் எடுக்கப்பட்ட படம் அது. விமரிசகர்கள் அதில் ஆழ்ந்த அழகியல் கண்டார்கள் என்பது வேறு கதை. பிரான்சிஸ் லேயின் இசை உலகெங்கும் ஒலித்தது. கான் விழாவில் முதல் பரிசும் பின்னர் இரண்டு ஆஸ்கர்களும் வந்தன. மோன்தே கார்லோ ராலி முடிந்த இரவு, அவளிடமிருந்து காதலைச் சொல்லும் தந்தி வருகிறது. அவன் அப்படியே காரை எடுத்துக்கொண்டு இரவெல்லாம் பாரிசை நோக்கி ஓட்டுகிறான். மழை, வைப்பர் ஆடுகிறது. போய்ச் சேர்ந்ததும் என்ன சொல்வது, கதவைத் தட்டுவதா, மணியடிப்பதா, இந்த நேரத்தில் எழுப்பலாமா என்று தனக்குத்தானே முணுமுணுத்துக்கொண்டே வருகிறான். எழுதி வைத்த வசனம் போலவே ஒலிக்காத பேச்சு அது. காதல் காட்சியில் காதலி இல்லை. ஸ்டீயரிங் மட்டும் இருக்கிறது. அனூக் எமேயோடு அவர் நடித்த தழுவல்களைவிட இந்தத் தனிப்பேச்சு நினைவில் நிற்கிறது.

இவ்வளவு வெற்றிக்குப் பின் பத்துக் காதல் படங்கள் நடித்திருக்கலாம். அவர் எதிர்த்திசையில் போனார். நாவலாசிரியர் அலேன் ரோப்-கிரியே எடுத்த புரியாத படங்களில் நடித்தார். அவற்றில் ஒன்றான 'பொய் சொல்லும் மனிதன்' 1968இல் பெர்லின் விழாவின் சிறந்த நடிகர் விருதை வாங்கித் தந்தது. அதே ஆண்டு செர்ஜியோ கொர்பூச்சியின் இத்தாலிய வெஸ்டர்ன் 'மகா மௌனம்'. கதை நடப்பது அமெரிக்காவின் யூட்டா பனியில், எடுத்தது இத்தாலிய ஆல்ப்ஸில். சாட்சி சொல்லக்கூடாது என்பதற்காகச் சிறுவயதிலேயே தொண்டை அறுக்கப்பட்ட ஒருவன், வளர்ந்து துப்பாக்கி தூக்குகிறான். படம் முழுக்க ஒரு சொல்கூடப் பேசுவதில்லை. இத்தாலிய வசனத்தை மனப்பாடம் செய்யும் வேலை இல்லாத வேடம் கேட்டார், அதனால் இப்படி ஆயிற்று என்று ஒரு கதை உலவுகிறது. காரணம் எதுவாயினும், கண்ணை மட்டும் வைத்துக்கொண்டு ஒருவன் எவ்வளவு தூரம் போக முடியும் என்பதற்கு அது சான்று. கடைசியில் நல்லவன் வெல்வதில்லை. கிளாவ்ஸ் கின்ஸ்கியின் வில்லன் அவனைச் சுட்டு வீழ்த்திவிட்டுக் குதிரையில் போய்விடுகிறான். வெஸ்டர்ன் ரசிகர்கள் இதை மன்னிக்கப் பல ஆண்டுகள் ஆயின.

1969, 1970 ஆகிய இரண்டு ஆண்டுகளில் வந்த மூன்று படங்களை வைத்தே அவரை அளக்கலாம். முதலாவது கோஸ்தா-காவ்ராஸின் 'ஸெட்'. 1963இல் கிரேக்க நாட்டின் தெசலோனிக்கியில் நாடாளுமன்ற உறுப்பினர் கிரிகோரிஸ் லம்ப்ராக்கிஸ் கொல்லப்பட்டார். விபத்து என்று மூடி மறைக்கப்பட்ட அந்தக் கொலையைக் கிளறியவர் இளம் விசாரணை நீதிபதி ஒருவர். அவர் பெயர் கிறிஸ்தோஸ் சார்ட்செதாக்கிஸ். 1985இல் கிரேக்கக் குடியரசுத் தலைவரானார். படம் எடுக்கப்பட்டபோது கிரேக்கத்தில் ராணுவ ஆட்சி நடந்தது. ஆகவே படப்பிடிப்பு அல்ஜியர்ஸில். அந்த நீதிபதியாக வரும் த்ரந்தினியான் படத்தின் பின்பாதியில்தான் முக்கியமாகிறார். நிறமேறிய கண்ணாடி, அளந்த பேச்சு, அசையாத தோள். இந்த ஆள் அரசின் பக்கமா, நியாயத்தின் பக்கமா என்று நெடுநேரம் தெரியாது. கடைசியில் மார்பு நிறையப் பதக்கங்களோடு ராணுவ, காவல் துறை உயர் அதிகாரிகள் ஒவ்வொருவராக அவர் அறைக்கு வருகிறார்கள். ஒவ்வொருவரிடமும் அதே கேள்வி: பெயர், குடும்பப் பெயர், தொழில். குரல் உயர்வதில்லை, மேசையைத் தட்டுவதில்லை. ஜெனரலுக்கும் தெருப் பொறுக்கிக்கும் ஒரே படிவம். மற்ற நடிகர் யாராவது அந்த வரியில் வெற்றிக்களிப்பைக் கொஞ்சம் கலந்திருப்பார். இவர் எழுத்தரின் சலிப்போடு கேட்கிறார். அதுதான் அரங்கைக் கைதட்ட வைத்தது. கான் விழா 1969இல் அவருக்குச் சிறந்த நடிகர் விருதைக் கொடுத்தது.

அதே விழாவின் போட்டியில் அவர் நடித்த இன்னொரு படமும் இருந்தது: எரிக் ரோமரின் 'மோடுடன் ஓர் இரவு'. கதை கிறிஸ்துமஸ் காலத்தில் நடந்தாக வேண்டும். த்ரந்தினியானுக்கு நேரம் ஒழியாததால் ரோமர் அடுத்த குளிர்காலம் வரை ஓராண்டு காத்திருந்து எடுத்தார். கிளேர்மோன்-ஃபெரான் நகரில் மிஷலேன் டயர் நிறுவனத்தில் வேலை பார்க்கும் ஒரு கத்தோலிக்கப் பொறியாளர். தேவாலயத்தில் பார்த்த பெண்ணையே மணப்பது என்று மனதுக்குள் முடிவு செய்துவிட்டவர். பனியில் மாட்டிக்கொண்டு, விவாகரத்தான மருத்துவர் மோட் வீட்டில் ஓரிரவு தங்க நேர்கிறது. அவள் படுக்கையில், இவர் நாற்காலியில். தத்துவஞானி பாஸ்கல், அவர் சொன்ன கடவுள் பந்தயம், நம்பிக்கை, திருமணம் என்று பேச்சுதான். ஃபிரான்ஸ்வாஸ் ஃபாபியானின் மோட் அவரைப் பார்த்துச் சிரிக்கச் சிரிக்க, இவருடைய கொள்கைப் பிடிப்பு கோட்டுக்குள் ஒளிந்துகொள்வது போலத் தெரிகிறது. 'ஸெட்' நீதிபதியின் நேர்மைக்கும் இந்தப் பொறியாளரின் நேர்மைக்கும் உள்ள இடைவெளி பெரிது: முன்னவர் சட்டத்தின் முன் தன்னை ஏமாற்றிக்கொள்வதில்லை, பின்னவருக்குத் தன்னை ஏமாற்றிக்கொள்வதே அறமாகிவிட்டது. இரண்டையும் ஒரே தணிந்த குரலில் பேசி வேறுபடுத்தியது, மிகை நடிப்பில் பழகிய கண்ணுக்குச் சட்டென்று தட்டுப்படாத சாதனை.

மூன்றாவது பெர்னார்தோ பெர்டோலுச்சியின் 'இணங்கிப்போகிறவன்' (1970), அல்பெர்தோ மொராவியாவின் நாவலிலிருந்து எடுத்தது. மார்செல்லோ கிளெரிச்சி எல்லோரையும் போல ஆகிவிட வேண்டும் என்ற ஒரே ஆசைக்காகப் பாசிசக் கட்சியில் சேர்கிறவன். தேன்நிலவுக்கு பாரிஸ் போகும் சாக்கில், தன் பழைய பேராசிரியரைக் கொல்லும் வேலையும் அவனிடம் ஒப்படைக்கப்படுகிறது. இந்தப் பாத்திரத்துக்கு மட்டும் த்ரந்தினியான் உடலை மாற்றிக்கொண்டார்: விறைத்த நடை, திடீரென்று வெட்டும் சிறு அசைவுகள், தொப்பியைச் சரிசெய்யும் விரல்கள். தன் உடலே தனக்குப் பொருந்தாத சட்டை என்பது போல நடப்பான் கிளெரிச்சி. பனி படர்ந்த காட்டுச் சாலையில் பேராசிரியரைக் கத்தியால் குத்துகிறார்கள். அவர் மனைவி, கிளெரிச்சி ஆசைப்பட்ட பெண், ஓடிவந்து அவன் உட்கார்ந்திருக்கும் காரின் கண்ணாடியைத் தட்டிக் கதறுகிறாள். கண்ணாடிக்கு இந்தப் பக்கம் அவன் அவளைப் பார்க்கிறான். கதவு திறக்கவில்லை, முகத்தில் ஒன்றும் நடக்கவில்லை. அவள் காட்டுக்குள் ஓடிச் சுடப்பட்டு விழும் வரை அவன் இருந்த இடத்தில் இருக்கிறான். கோழைத்தனம் என்பதைத் திரையில் இவ்வளவு குறைவான அசைவில் வேறு யாரும் காட்டியதாகத் தெரியவில்லை.

அந்தப் படப்பிடிப்புக்காக ரோமில் தங்கியிருந்தபோதுதான் அவருடைய இரண்டாவது மகள், ஒரு வயதுகூட நிறையாத போலின், தொட்டிலில் இறந்து கிடந்தாள். அந்தத் துயரத்தோடே படத்தை முடித்தார். தாய் நதீன் அந்த இழப்பை வைத்துப் பின்னர் ஒரு படம் எடுத்தார். கணவரால் அதில் நடிக்க முடியவில்லை, மார்செல்லோ மாஸ்த்ரோயானி நடித்தார். 'இணங்கிப்போகிறவன்' தன் படங்களில் தலையாயது என்று த்ரந்தினியான் பல முறை சொல்லியிருக்கிறார். பெர்டோலுச்சி அடுத்து எடுத்த 'பாரிஸில் கடைசி டாங்கோ'வில் முதலில் இவரைத்தான் கேட்டார். அந்த அளவு உடலைத் திறந்து காட்ட மாட்டேன் என்று மறுத்தார். வேடம் மார்லன் பிராண்டோவுக்குப் போயிற்று.

எழுபதுகளில் வேலைக்குக் குறைவில்லை, எல்லாமே நல்ல வேலை என்று சொல்ல முடியாது. அரசியல் திகில் படங்கள், துப்பறியும் படங்கள், இத்தாலியத் தயாரிப்புகள் என்று வரிசையாக வந்தன. இவற்றில் 'ஃப்ளிக் ஸ்டோரி' (1975) தனியாக நிற்கும். அலேன் தெலோன் போலீஸ்காரர், த்ரந்தினியான் எமில் புயிசோன் என்ற உண்மைக் கொலைகாரன். சிரிக்காமல், கோபப்படாமல், சாப்பிடுவதுபோலக் கொல்கிறவன். பியேர் கிரானியே-தெஃபேரின் 'ரயில்' (1973) இன்னும் உயர்ந்தது. 1940இல் ஜெர்மானியப் படைக்கு அஞ்சி மக்கள் ஓடும் சரக்கு ரயிலில், குடும்பத்தைப் பிரிந்த ஒரு ரேடியோ பழுதுபார்ப்பவருக்கும் ஜெர்மானிய யூதப் பெண்ணுக்கும் சில நாள் காதல். ஆண்டுகள் கழித்துப் போலீஸ் அவரை அழைக்கிறது: எதிர்ப்பியக்கத்தில் பிடிபட்ட இந்தப் பெண்ணைத் தெரியுமா? தெரியாது என்கிறார். போகலாம் என்கிறார்கள். கதவு வரை போய்விட்டார். திரும்பி வந்து அவள் கன்னத்தில் கை வைக்கிறார். அந்தக் கை வைத்ததோடு இருவர் கதையும் முடிந்தது. படமும் அங்கேயே உறைகிறது. படத்துக்கு மூலமான சிமெனோனின் நாவலில் முடிவு வேறு. வாழ்நாளெல்லாம் உணர்ச்சியை மறைத்த முகம் ஒரு முறை திறந்தால் என்ன ஆகும் என்பதை அறிய இந்த இரண்டு நிமிடம் போதும்.

இரண்டு படங்களை அவரே இயக்கினார். தன் மகனுக்குத் தண்டனை விதித்த நடுவர் குழுவினரை ஒரே நாளில் ஒவ்வொருவராகத் தீர்த்துக்கட்டக் கிளம்பும் ஒரு ரொட்டிக்கடைக்காரரின் கதை 'வேலை நிறைந்த ஒரு நாள்' (1973). கறுப்பு நகைச்சுவை, பேச்சு குறைவு. மற்றது 'நீச்சல் ஆசிரியர்' (1979). இரண்டும் ஓடவில்லை. இயக்குநராக வேண்டும் என்று தொடங்கியவர் அந்த ஆசையை இத்தோடு விட்டார்.

எண்பதுகளில் எத்தோரே ஸ்கோலாவின் படங்களிலும், ஃபிரான்ஸ்வா த்ரூஃபோவின் கடைசிப் படமான 'ஞாயிறே சீக்கிரம் வா'விலும் (1983) நடித்தார். த்ரூஃபோ படத்தில் அவர் கொலைப்பழி சுமந்து தன் அலுவலகத்துப் பின்னறையில் ஒளிந்துகிடக்க, செயலாளரான ஃபானி ஆர்தான் துப்பறியப் புறப்படுகிறார். நாயகன் மறைந்திருக்கும் படம்; த்ரந்தினியானுக்கு இதைவிடப் பொருத்தமான வேலை கிடைக்காது. லெலூஷ் 1986இல் எடுத்த 'ஓர் ஆணும் ஒரு பெண்ணும்: இருபது ஆண்டுகள்' மட்டும் எடுக்காமலே இருந்திருக்கலாம். அதன்பின் திரையிலிருந்து மெல்ல ஒதுங்கி, தென்பிரான்சின் உஸேஸ் பக்கம் குடியேறினார். அப்பகுதியில் நண்பர்களோடு சேர்ந்து திராட்சைத் தோட்டம் வைத்து ஒயின் தயாரித்தார்.

அங்கிருந்து அவரை வெளியே அழைத்தவர் போலந்து இயக்குநர் கிஷிஷ்டோஃப் கீஸ்லோவ்ஸ்கி. 'மூன்று வண்ணங்கள்: சிவப்பு' (1994) படத்தில் ஜெனிவாவில் தனியே வாழும் ஓய்வுபெற்ற நீதிபதி, அக்கம்பக்கத்தாரின் தொலைபேசிப் பேச்சை ஒட்டுக்கேட்பதே அவர் பொழுது. காரில் அடிபட்ட நாயைத் திருப்பிக் கொடுக்க வரும் இளம் பெண்ணாக இரேன் ஜாக்கோப். 'ஸெட்' நீதிபதி முதுமையில் நம்பிக்கை இழந்தால் இப்படித்தான் ஆவாரோ என்று தோன்றும். கீஸ்லோவ்ஸ்கியின் கடைசிப் படமும் இதுவே. இயக்குநர் ழாக் ஓதியாரின் முதல் இரண்டு படங்களிலும் அவர் இருந்தார். பத்ரீஸ் ஷெரோவின் 'என்னை நேசிப்பவர்கள் ரயிலேறுவார்கள்' (1998) படத்தில் இறந்த ஓவியனாகவும் அவன் இரட்டைச் சகோதரனாகவும் இரு வேடம்.

மேடையில் மகள் மரியோடு சேர்ந்து அப்போலினேரின் கவிதைகளை வாசித்தார். மரி நடிகையாகத் தனக்கென ஓர் இடம் பிடித்திருந்தார். 2003 கோடையில், தாய் இயக்கிய தொலைக்காட்சிப் படத்துக்காக வில்னியஸ் நகரில் இருந்தபோது, உடன் வாழ்ந்தவர் அடித்ததில் நினைவிழந்தார். ஆகஸ்ட் 1 அன்று உயிர் பிரிந்தது. வயது 41. தந்தையும் மகளும் நடித்த 'ஜேனிஸும் ஜானும்' மரி இறந்த பிறகே திரைக்கு வந்தது. த்ரந்தினியான் சினிமாவை விட்டார். வாசிப்பை விடவில்லை. ப்ரேவேர், வியான், தெஸ்னோஸ் மூவரின் கவிதைகளை ஓர் அக்கார்டியனும் ஒரு செல்லோவும் துணையிருக்க ஊர் ஊராகச் சென்று வாசித்தார். பார்வை மங்கிக்கொண்டு வந்த காலம். கவிதைகள் நெஞ்சில் இருந்தன. 

ஒன்பது ஆண்டு இடைவெளிக்குப் பின் மைக்கேல் ஹனெகெயின் 'அமூர்' (2012). அவரை மனதில் வைத்தே ஹனெகெ எழுதிய திரைக்கதை அது. எண்பது கடந்த இசை ஆசிரியர்கள் ஜோர்ஜ், ஆன் இருவரும் பாரிஸ் அடுக்ககம் ஒன்றில் வாழ்கிறார்கள். ஒரு காலை, சாப்பாட்டு மேசையில் ஆன் திடீரெனச் சிலையாகிறார், கூப்பிட்டால் பதிலில்லை. ஜோர்ஜ் குழாயைத் திறந்து துணியை நனைத்து அவர் கழுத்திலும் முகத்திலும் ஒற்றுகிறார். பயன் இல்லை. உடை மாற்றி உதவி தேட உள்ளறைக்குப் போகிறார். குழாய் திறந்தபடியே கிடக்கிறது. சட்டை போட்டுக்கொண்டிருக்கையில் தண்ணீர்ச் சத்தம் நிற்கிறது. த்ரந்தினியான் அசையாமல் நின்று கேட்கிறார். ஐம்பது ஆண்டுகளுக்கு முன் காஸ்மானின் காரில் உட்கார்ந்து கேட்ட அதே நடிகர். பயமா, ஆறுதலா, சந்தேகமா என்று சொல்ல முடியாத அந்த ஒரு கணத்தில் படத்தின் எஞ்சிய ஒன்றரை மணி நேரமும் அடங்கிவிடுகிறது. பக்கவாதத்தில் விழுந்த மனைவியைத் தூக்கி நிறுத்துவதும், ஊட்டுவதும், ஒரு முறை பொறுமையிழந்து கன்னத்தில் அறைந்துவிடுவதும், வீட்டுக்குள் நுழைந்த புறாவைப் போர்வையால் பிடிப்பதும் எந்த இனிப்பும் தடவாமல் நடக்கின்றன. எம்மானுவேல் ரிவாவின் ஆன் அவருக்குச் சற்றும் குறைந்தவரல்ல. கான் விழாவில் தங்கப்பனை கிடைத்தது. இரண்டு நடிகர்களின் பங்கு இன்றி இந்தப் படம் இல்லை என்பதை நடுவர் குழுத் தலைவர் நான்னி மொரெத்தி மேடையிலேயே குறிப்பிட்டார். பல முறை பரிந்துரைக்கப்பட்டும் கைக்கு எட்டாத செசார் விருது 2013இல், 82ஆம் வயதில், முதல் முறையாக அவருக்கு வந்தது.

ஹனெகெயின் 'ஹேப்பி எண்ட்' (2017) படத்திலும் நடித்தார். 2018இல் தனக்குப் புற்றுநோய் இருப்பதையும், அதற்குச் சிகிச்சை எடுக்கப் போவதில்லை என்பதையும் தெரிவித்தார். ஆனாலும் லெலூஷ் மறுபடி அழைத்தபோது போனார். 'ஒரு வாழ்வின் மிக அழகான ஆண்டுகள்' 2019இல் கான் விழாவில் போட்டிக்கு வெளியே திரையிடப்பட்டது. முதியோர் இல்லத்தில் நினைவு தப்பிக்கொண்டிருக்கும் பழைய பந்தய ஓட்டியைப் பார்க்க அனூக் எமே வருகிறார். அவர் யாரென்று தெரியாமலே, தான் நேசித்த பெண்ணைப் பற்றி அவரிடமே சொல்கிறார் கிழவர். 1966இல் கார் ஸ்டீயரிங்கிடம் சொல்லிக்கொண்டதை இப்போது ஆளைப் பார்த்தே சொல்கிறார், ஆள் யாரென்று அறியாமல். படம் லெலூஷின் வழக்கமான மிகைகளோடு இருந்தாலும், அந்தச் சாய்வு நாற்காலிக் காட்சிகளுக்காகவே பார்க்கத் தகுந்தது. 

அதுவே அவர் கடைசிப் படம். த்ரந்தினியான் 2022 ஜூன் 17 அன்று கார் (Gard) மாவட்டத்துக் கொலியாஸ் கிராமத்தில், தன் வீட்டில், 91ஆம் வயதில் காலமானார்.